ஓடிப்போனவர்களும் ஓடிய படங்களும்

1981-ல் வெளியான ‘அலைகள் ஓய்வதில்லை’ எங்கள் ஊர்த் தியேட்டருக்கு வந்து சேர அடுத்த வருஷம் ஆகிவிட்டது. எனக்கு அப்போது பத்து வயசு. பக்கத்து பெஞ்சில் ஜவுளிக்கடைப் பெரியப்பா. எங்களுக்குச் சொந்தமில்லை, தெருவே அவரைப் பெரியப்பா என்றுதான் கூப்பிடும். நெற்றி நிறைய விபூதி, தோளில் துண்டு. கடையில் ஒரு முழம் துணி கூடப் போய்விட்டால் அளந்த பையனை ஒரு வாரம் முறைக்கிற ஆள். மடியில் அவருடைய ஒன்பது வயது மகள் முறுக்குத் தின்றுகொண்டிருந்தாள்.

கடைசிக் காட்சி. கார்த்திக் பூணூலைக் கழற்றுகிறார், ராதா சிலுவையைக் கழற்றுகிறார். ஊரும் மதமும் பின்னால் நிற்க, இருவரும் கிளம்பிப் போகிறார்கள். பெரியப்பா எழுந்து நின்று துண்டைச் சுழற்றினார். “சபாஷ்டா பயலே!” வெளியே வந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு என் அப்பாவிடம் சொன்னார்: “அதுக பாட்டுக்கு எங்கயாச்சும் போயி நல்லா இருக்கட்டும்யா.” அந்தப் படத்தை அவர் நாலு தரம் பார்த்தார். நாலு தரமும் துண்டு சுழன்றது.

மகள் வாசற்படியில் நின்று ஐஸ்காரனிடம் இரண்டு வார்த்தை கூடப் பேசினால் “உள்ள போ” என்று அதட்டுகிற மனிதர் அவர். அவரை எழுந்து நிற்கவைத்தது எது? வீட்டை விட்டு ஓடுகிறவர்களைத் திரையில் பார்த்தால் மட்டும் நமக்கு ஏன் இவ்வளவு பாசம் பொங்குகிறது? இதைக் கொஞ்சம் ஆதியிலிருந்தே விசாரிக்க வேண்டும்.

ஆதி என்றால் முருகன். ஓடிப்போவோர் சங்கம் என்று தமிழ்நாட்டில் ஒன்று பதிவானால், அதன் நிரந்தரத் தலைவர் பதவிக்குப் போட்டியே கிடையாது. மனிதர் இரண்டு முறை ஓடியவர். முதல் ஓட்டம் சின்ன வயதில், ஒரு பழத்துக்காக. உலகத்தைச் சுற்றி வருகிறவனுக்குப் பழம் என்று அப்பா அறிவித்தார். இவர் விதிமுறையை நம்பி மயிலேறிப் புறப்பட்டார். அண்ணன் அப்பா அம்மாவைச் சுற்றிவந்து வாங்கிக்கொண்டார். நடுவரே அப்பா என்பதால் மேல்முறையீட்டுக்கு வழியில்லை. மூத்த பிள்ளைக்கு நியாயமும் இளைய பிள்ளைக்கு அறிவுரையும் கிடைக்கிற குடும்ப வழக்கம் கயிலாயத்திலேயே தொடங்கிவிட்டது. தம்பி கோவணத்தோடு கிளம்பிப் பழனி வந்து மலைமேல் ஏறி நின்றுகொண்டார்.

ஏ.பி. நாகராஜன் இதை 1965-ல் ‘திருவிளையாடல்’ ஆக்கினார். அந்தப் படத்தைச் சிவபெருமான் படம் என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். உண்மையில், கோபித்துக்கொண்டு வீட்டை விட்டுப் போன பிள்ளையை ஆற்ற, அம்மா சொல்கிற கதைகள்தான் மொத்தப் படமும். ஔவையாராக கே.பி. சுந்தராம்பாளே வந்து பேசியும் பையன் மசியவில்லை; அப்புறம்தான் பார்வதி வந்து தருமி, நக்கீரர், பாணபத்திரர் என்று ஒவ்வொன்றாக அவிழ்க்கிறார். ஓடிப்போன பிள்ளையைச் சமாதானப்படுத்தத் தமிழ்நாட்டில் செலவான உழைப்பில் அதுவே உச்சம். கோபம் தணிந்ததோ என்னவோ, ஆள் மலையை விட்டு இறங்கவில்லை. நாம்தான் இன்றைக்கும் வின்ச்சில் ஏறிப்போய்ப் பார்த்துவிட்டு வருகிறோம்.

இரண்டாவது ஓட்டம் பெண்ணோடு. தினைப்புனத்தில் காவல் இருந்த வள்ளியிடம் வேடனாக வந்து பேசினார். பெண்ணின் ஆட்கள் வரும் சத்தம் கேட்டதும் வேங்கை மரமாக நின்றார். பிறகு கிழவராக வந்து தேனும் தினைமாவும் வாங்கித் தின்று விக்கினார். இன்றைய பையன்கள் பஸ் ஸ்டாப்பில் செய்வது எல்லாமே இதன் சுருக்கப் பதிப்புதான். எதற்கும் மசியாத வள்ளியை மிரட்ட, கடைசியில் அண்ணனை யானையாக வரச்சொன்னார். பழத்தை வாங்கிக்கொண்ட அதே அண்ணன்! கடனை இப்படித் தீர்த்தார். ஓடிப்போக ஒரு கூட்டாளி வேண்டும், அவன் உடம்பில் கொஞ்சம் பெரியவனாக இருக்கவேண்டும் என்ற தமிழ் சினிமா இலக்கணம் அன்றே எழுதப்பட்டுவிட்டது.

அதற்குப் பிறகு நடந்ததுதான் முக்கியம். நம்பிராசன் ஆட்களோடு துரத்தினான். சேவல் ஒரு கூவல் கூவியதும் துரத்தியவர்கள் செத்து விழுந்தார்கள். அங்கே ‘சுபம்’ போட்டிருக்கலாம். நாரதர் விடவில்லை. பெற்றவரைச் சாய்த்துவிட்டுப் பெண்ணைக் கொண்டுபோவது அழகா என்று கேட்டார். முருகன் சொல்ல, வள்ளி எல்லோரையும் எழுப்பினாள். ஓடிப்போன ஜோடி பெண் வீட்டுக்கே திரும்பிவந்து, மாமனார் கையால் தாரை வார்த்துக் கல்யாணம் செய்துகொண்டது. தேவசேனாபதியே ஆனாலும் பெண் வீட்டில் கை நனைத்தால்தான் கல்யாணம் கணக்கில் வரும்.

இதைத் தமிழ் சினிமா எப்படி விடும்? தமிழ் பேசத் தொடங்கி இரண்டே வருஷத்தில், 1933-ல், டி.பி. ராஜலட்சுமி நடித்து ‘வள்ளி திருமணம்’ வந்து சக்கைப்போடு போட்டது. 1945-ல் ஏ.வி. மெய்யப்பன் ‘ஸ்ரீவள்ளி’ எடுத்தார். டி.ஆர். மகாலிங்கம் முருகன், குமாரி ருக்மிணி வள்ளி. ருக்மிணியின் பாட்டு எடுபடவில்லை என்று பி.ஏ. பெரியநாயகியைப் பாடவைத்து ஒட்டினார்கள். வள்ளி முருகனோடு போவதற்கு முன்பே அவள் குரல் வேறொருவரோடு போய்விட்டது. படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. தமிழில் இந்த வசதி ஒன்று உண்டு. பெண் ஓடினாலும் ஓட்டம்தான், படம் ஓடினாலும் ஓட்டம்தான். முன்னதற்குத் தலை குனிவோம், பின்னதற்கு வெற்றி விழா எடுப்போம்.

முருகன் தெய்வம், நாம் மனிதர்கள் என்று தப்பிக்கவும் வழியில்லை. சங்கப் புலவர்கள் இந்த விவகாரத்துக்குத் தனி இலாகாவே வைத்திருந்தார்கள். அதன் பெயர் உடன்போக்கு. சொல்லைக் கவனியுங்கள். ஓடவில்லை; உடன் போகிறாள். நடுவில் எந்த நூற்றாண்டிலோ நாம் ‘உடன்’ என்பதை எடுத்துவிட்டு ‘ஓடி’ என்று மாற்றிவிட்டோம். ஒரு எழுத்துக் கூட்டிக் குறைத்ததில் பெண்ணின் மானமே போய்விட்டது.

அந்த இலாகாவில் யாருக்கு என்ன வேலை என்று துல்லியமாகப் பிரித்திருந்தார்கள். தோழி ஏற்பாட்டாளர். தலைவனும் தலைவியும் வெயில் கொளுத்தும் பாலை வழியே நடக்க வேண்டியவர்கள். பெற்ற தாய் வீட்டிலேயே இருந்து புலம்ப வேண்டும். தேடிக்கொண்டு போகிற வேலை செவிலித்தாய்க்கு. அதாவது கஷ்டமான டூட்டி அன்றைக்கும் ஒப்பந்தப் பணியாளருக்குத்தான். கலித்தொகையில் ஒரு செவிலி வழியில் குடை பிடித்து வரும் அந்தணர்களை நிறுத்தி விசாரிக்கிறாள். பார்த்தோம் என்கிறார்கள், ஆனால் பிடித்துக் கொடுக்கவில்லை. முத்து, சந்தனம், யாழிசை என்று மூன்று உதாரணம் காட்டி, பெண் என்றைக்கும் பிறந்த இடத்துக்கு அல்ல என்று விளக்கி, செவிலியை வீட்டுக்குத் திருப்பி அனுப்பிவிடுகிறார்கள். புகார் கொடுக்கப் போனவரை இலக்கிய உரையாற்றித் திருப்பி அனுப்பியதில் இது முதல் சம்பவமாக இருக்கலாம்.

இவர்கள் தவிர இன்னொரு பாத்திரம் உண்டு. பெயர் ‘கண்டோர்’. பார்த்தவர்கள், அவ்வளவுதான். ஊர் பேர் கிடையாது. சுடுமணலில் நடந்து போகும் ஜோடியை வழியில் பார்க்கிறார்கள். அந்தப் பெண்ணின் பாதத்துக்காக இரங்குகிறார்கள். யார் பெற்ற பிள்ளைகளோ, நல்லபடியாகப் போய்ச் சேரட்டும் என்று மனசார நினைக்கிறார்கள். பிறகு தங்கள் வேலையைப் பார்க்கப் போய்விடுகிறார்கள். இதற்காக ஒரு தனிக் கூற்றே ஒதுக்கியிருக்கிறார்கள் நம் முன்னோர்கள்.

துண்டைச் சுழற்றிய பெரியப்பா யார் என்று இப்போது தெரிகிறதா? கண்டோர். டிக்கெட் எடுத்த கண்டோர். இரண்டாயிரம் வருஷம் முன்பு பாலை நிலத்தில் வெயிலில் நின்று பார்த்ததை, மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து பார்த்தார். ஓடுகிறவள் அவர் பெண் இல்லை. துரத்துகிறவர் அவர் இல்லை. கால் சுடுவதும் அவருக்கில்லை. ஓடிப்போகிறவர்களை ரசிப்பதற்கு இதைவிடச் சௌகரியமான இடம் கிடையாது. உலகத்தில் உள்ள எல்லாத் திரைப்பட முதலாளிகளும் இந்த இருக்கையைத்தான் விற்றுப் பிழைத்தார்கள்.

அதில் பெரிய வியாபாரம் 1934-ல் அமெரிக்காவில் நடந்தது. படம் ‘இட் ஹேப்பன்ட் ஒன் நைட்’, இயக்கம் ஃபிராங்க் காப்ரா. கோடீஸ்வரர் மகள் அப்பாவோடு சண்டை போட்டு, கப்பலிலிருந்து கடலில் குதித்து நீந்திப்போய், மயாமியில் நியூயார்க் பஸ் பிடிக்கிறாள். பஸ்ஸில் வேலை போன ஒரு பத்திரிகை நிருபர். வழிச்செலவுக்குப் பணமில்லாமல் இருவரும் ஒரே அறையில் நடுவில் கயிறு கட்டிப் போர்வை தொங்கவிட்டுத் தூங்குகிறார்கள்.

இதை எடுக்க ஆரம்பித்தபோது யாருக்கும் விருப்பமில்லை. கொலம்பியா அப்போது ஏழைக் கம்பெனி. கிளார்க் கேபிளை எம்.ஜி.எம். தண்டனை மாதிரி இரவல் கொடுத்து அனுப்பியது. கிளாடெட் கோல்பர்ட் 50,000 டாலர் கேட்டார். நாலு வாரத்தில் முடித்து அனுப்பிவிட வேண்டும், விடுமுறைக்குப் போகவேண்டும் என்றும் கேட்டார். முடிந்ததும், இதைவிட மோசமான படம் உலகத்தில் இருக்காது என்று தோழிகளிடம் சொன்னார். கேபிள் சட்டையைக் கழற்றும்போது உள்ளே பனியன் இல்லாததால் அமெரிக்காவில் பனியன் வியாபாரமே படுத்துவிட்டதாக ஒரு கதை உண்டு. யாரிடமும் பில் கிடையாது. நல்லவேளை திருப்பூர்வரை அந்தச் சேதி வரவில்லை.

அடுத்த வருஷம் ஆஸ்கர். கோல்பர்ட் தனக்கு எங்கே கிடைக்கப்போகிறது என்று ஊருக்கு ரயிலேற ஸ்டேஷனுக்குப் போய்விட்டார். பரிசு அவருக்குத்தான் என்று தெரிந்ததும் ஆட்கள் ஓடினார்கள். ஓடிப்போகிற பெண்ணாக நடித்தவரை ரயில் நிலையத்தில் மடக்கிப் பிடித்து, பயண உடுப்போடேயே கொண்டுவந்து மேடையில் நிறுத்திப் பரிசு கொடுத்தார்கள். சிறந்த படம், இயக்குநர், நடிகர், நடிகை, திரைக்கதை என்று ஐந்தையும் அந்தப் படம் அள்ளியது.

கதையில் இரண்டு விஷயம் எனக்குப் பிடிக்கும். பெண்ணைக் கண்டுபிடித்துக் கொடுத்தால் 10,000 டாலர் என்று அப்பா அறிவித்திருக்கிறார். நிருபர் வந்து கேட்பது 39 டாலர் 60 சென்ட். வழிச்செலவுக் கணக்கு. காதலுக்கு இவ்வளவு நேர்மையான வவுச்சர் அதற்கு முன்னும் பின்னும் எழுதப்படவில்லை. இன்னொன்று அந்த அப்பா. மணமேடைக்கு மகளின் கையைப் பிடித்து அழைத்துப் போகிறவர், வாயசைவு தெரியாமல் அவள் காதில் ஓதுகிறார்: அந்தப் பையன் உன்னைத்தான் விரும்புகிறான், பின்வாசலில் கார் நிற்கிறது. பெண் முக்காடு பறக்க ஓடுகிறாள். செவிலித்தாய் தேடிப்போன உலகத்தில், தகப்பனே டாக்ஸி ஏற்பாடு செய்த முதல் ஓட்டம்.

இந்தப் பெண் அங்கேயே நிற்கவில்லை. 1956-ல் நர்கீஸாக மாறி, ராஜ் கபூரோடு ‘சோரி சோரி’யில் ஓடினாள். தயாரிப்பு யார் தெரியுமா? வடபழனி ஏவி.எம். பதினோரு வருஷத்துக்கு முன் வள்ளியை அனுப்பிவைத்த அதே செட்டியார். அவருக்கு ஓடிப்போகிற பெண்கள் ராசி. பிறகு 1966-ல் அவள் ஜெயலலிதாவாகி, பிடிக்காத கல்யாணத்திலிருந்து தப்பி ‘சந்திரோதயம்’ படத்தில் எம்.ஜி.ஆரிடம் வந்து சேர்ந்தாள். எம்.ஜி.ஆருக்கு என்ன வேலை? பத்திரிகை நிருபர். முதலாளி எம்.ஆர். ராதா.

இங்கே கொஞ்சம் என் சொந்தக் குறை. கேபிள் நிருபர். ராஜ் கபூர் நிருபர். எம்.ஜி.ஆர். நிருபர். 1953-ல் ரோமில் இளவரசியைக் கண்டெடுத்த கிரிகரி பெக்கும் நிருபர். பணக்காரப் பெண் வீட்டை விட்டு ஓடினால் நேராகப் பத்திரிகைக்காரன் மடியில்தான் விழவேண்டும் என்று உலக சினிமாவே ஒருமனதாகத் தீர்மானம் போட்டிருக்கிறது. நான் இருபத்தைந்து வருஷம் பத்திரிகை ஆபீஸில் உட்கார்ந்தவன். ராத்திரி பஸ்ஸில் ஊர் ஊராகப் போனவன். என் பக்கத்து சீட்டில் வந்தவர்கள் எல்லோரும் தோளில் தலை சாய்த்தார்கள், மறுப்பதற்கில்லை. அத்தனை பேரும் ஐம்பது தாண்டிய ஆண்கள். ஆபீஸைத் தேடி வந்தவர்களில், சந்தா கட்டியும் புத்தகம் வரவில்லை என்று சண்டைக்கு வந்த ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர்தான் ஏதோ ஓர் ஆவேசத்தோடு வீட்டை விட்டுக் கிளம்பி வந்தவர் என்று சொல்லலாம்.

ரோம் இளவரசிக்கு வருவோம். ‘ரோமன் ஹாலிடே’. ஆட்ரி ஹெப்பர்ன் தூக்க ஊசி போட்ட மயக்கத்தோடேயே சாமான் வண்டியில் ஏறி அரண்மனையை விட்டு நழுவுகிறார். மறுநாள் பூராவும் அவர் செய்த புரட்சிகள் இவை: முடியைக் கத்தரித்துக்கொண்டார். படிக்கட்டில் உட்கார்ந்து ஐஸ்கிரீம் சாப்பிட்டார். ஸ்கூட்டரை எடுத்துத் தாறுமாறாக ஓட்டினார். அவ்வளவுதான். நம் வீட்டுப் பெண்கள் காலேஜ் டூரில் செய்வது. அதையும் செய்ய முடியாத உயரத்தில் ஒருத்தி இருந்தாள் என்பதுதான் கதை. அன்று ராத்திரியே தானாக அரண்மனைக்குத் திரும்பிவிடுகிறார். நிருபர் செய்தியைப் போடாமல், கூடத்தில் கடைசி ஆளாகத் தனியே நடந்து வெளியேறுகிறார். ஹெப்பர்னுக்கு ஆஸ்கர் கிடைத்தது. கதைக்கும் ஓர் ஆஸ்கர் கிடைத்தது, ஆனால் எழுதியவர் வந்து வாங்கவில்லை. டால்டன் டிரம்போ கம்யூனிஸ்ட் என்று கறுப்புப் பட்டியலில் இருந்தார். நண்பர் பெயரில் எழுதிக்கொடுத்திருந்தார். தலைமறைவான இளவரசியின் கதையை எழுதிய ஆளே தலைமறைவு. அவர் பெயரில் அந்தப் பரிசைக் கொடுத்தது 1993-ல். அவர் செத்துப் பதினேழு வருஷம் கழித்து. அடுத்த வருஷமே இளவரசி பம்பாயிலிருந்து ரயிலேறி, ஏ.ஆர். ரஹ்மான் இசையோடு ‘மே மாதம்’ படத்தில் மெட்ராஸில் இறங்கிவிட்டாள். இம்முறை நிருபருக்குப் பதில் போட்டோகிராபர். அதுவும் நம் துறைதான். நம் ஆள் இல்லை.

இத்தனை ஓட்டத்தையும் வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒரு தொழில் ரகசியம் புலப்படும். ஓட்டத்தின் அழகு ஓடுவதில் இல்லை. படத்தை எங்கே நிறுத்துகிறார்கள் என்பதில் இருக்கிறது.

1959-ல் பிரான்சில் ஃபிரான்சுவா த்ரூஃபோ ‘400 ப்ளோஸ்’ எடுத்தார். முந்தின வருஷம் கான் விழாவுக்குள் நுழையவிடாமல் தடுக்கப்பட்ட விமர்சகர். இந்த வருஷம் அதே விழாவில் சிறந்த இயக்குநர். படத்தில் ஆன்டுவான் என்ற பையன் அப்பாவின் ஆபீஸில் ஒரு டைப்ரைட்டரைத் திருடுகிறான். விற்க முடியவில்லை. போய்த் திரும்ப வைத்துவிடலாம் என்று வருகிறபோது மாட்டிக்கொள்கிறான். எடுத்தபோது ஒன்றும் ஆகவில்லை, வைத்தபோது பிடித்தார்கள். நல்லவனாகத் திருந்துவதில் உள்ள ஆபத்தை இதைவிடச் சுருக்கமாக யாரும் சொன்னதில்லை. சீர்திருத்தப் பள்ளியில் போடுகிறார்கள். பந்தாட்டத்தின் நடுவே வேலிக்கடியில் நுழைந்து ஓடுகிறான். கேமராவும் கூடவே ஓடுகிறது. வயல், சாலை, கடைசியில் கடல். கடலுக்குமேல் ஓட இடமில்லை. அலையில் கால் நனைத்துவிட்டு நம் பக்கம் திரும்புகிறான். படம் அப்படியே உறைந்து நின்றுவிடுகிறது. அவன் ராத்திரி எங்கே படுத்தான், சாப்பாட்டுக்கு என்ன செய்தான்? கேட்கக் கூடாது. நாம் கண்டோர்.

1967-ல் ‘தி கிராஜுவேட்’. கல்யாணம் முடிந்த பெண்ணை டஸ்டின் ஹாஃப்மன் சர்ச்சிலிருந்து இழுத்துக்கொண்டு ஓடுகிறார். துரத்துகிறவர்கள் வெளியே வராமல் கதவுக்குச் சிலுவையைத் தாழ்ப்பாளாகச் செருகுகிறார். இருவரும் பஸ்ஸில் ஏறிக் கடைசி சீட்டில் உட்கார்ந்து சிரிக்கிறார்கள். மற்ற படங்கள் இங்கே முடிந்திருக்கும். இயக்குநர் மைக் நிக்கல்ஸ் கேமராவை இன்னும் கொஞ்ச நேரம் ஓடவிட்டார். சிரிப்பு மெள்ள வடிகிறது. ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளாமல் நேராகப் பார்க்கிறார்கள். அடுத்து எந்த ஸ்டாப், டிக்கெட்டுக்குக் காசு இருக்கிறதா என்று யோசிக்கிற முகம். சினிமாவில் ஓடிப்போனவர்கள் முதன்முதலாகக் கணக்குப் போட்ட இடம் அது.

அந்தக் கணக்கைக் கடைசிப் பைசாவரை போட்டுக் காட்டியது பாலாஜி சக்திவேல். 2004-ல் ‘காதல்’. மதுரை மெக்கானிக்கும் பணக்கார வீட்டுப் பள்ளிக்கூடப் பெண்ணும் மெட்ராஸுக்கு ஓடிவருகிறார்கள். இங்கே பஸ்ஸை விட்டு இறங்கியதும் படம் நிற்கவில்லை. தங்க இடம் வேண்டும். கையில் காசு கரைகிறது. நண்பன் இருப்பதோ மேன்ஷனில். மேன்ஷனில் பெண்ணுக்கு இடமில்லை. நகரம் எவ்வளவு பெரியது என்பது தெருவில் ஒரு பெண்ணோடு நிற்கும்போதுதான் தெரியும். கல்யாணமும் நடக்கிறது; பிறகு சொந்தக்காரர்கள் சிரித்தபடி வந்து கூட்டிப்போகிறார்கள். கடைசியில் மெக்கானிக் புத்தி பேதலித்து டிராபிக் சிக்னலில் நிற்கிறான். கோடீஸ்வரர் மகள் கடலில் குதித்தால் அது காமெடி; மெக்கானிக் பஸ் ஏறினால் அது வேறு. பண வசதி இல்லாதவர்களுக்கு ஓட்டம் பொழுதுபோக்காக இருந்ததே இல்லை. 1952-லேயே ‘பராசக்தி’ கோர்ட்டில் கலைஞர் வசனத்தில் சிவாஜி அதைத்தான் வாதாடினார். கல்யாணி ஓடியது ஜாலிக்கு அல்ல, துரத்தியவர்கள் இருந்தார்கள்.

2009-ல் ‘நாடோடிகள்’ இன்னொரு பில்லைக் கொண்டுவந்து வைத்தது: அனுப்பிவைத்தவர்களின் பில். நண்பனின் நண்பனுக்காகப் பெண்ணைத் தூக்கிக் கொடுக்கப்போய், ஒருவனுக்குக் கால் போகிறது, ஒருவனுக்குக் காது போகிறது, ஒருவனுக்குக் காதலே போகிறது. இத்தனையும் போனபிறகு, சேர்த்துவைத்த ஜோடி சில மாதத்தில் ஒத்துவரவில்லை என்று பிரிந்துவிடுகிறது. பிள்ளையார் மட்டும் அந்தப் படத்தைப் பார்த்திருந்தால், தினைப்புனத்துப் பக்கம் வந்திருக்கவே மாட்டார்.

நடுவே இரண்டு படங்கள் குறுக்குவழி கண்டுபிடித்தன. 1995-ல் ‘தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே’யில் பெண்ணின் அம்மாவே நகையைக் கொடுத்து, ஓடிப்போய்விடுங்கள் என்கிறார். ஷாருக் கான் மாட்டேன் என்கிறார். அப்பா கையால் வாங்கிக்கொண்டுதான் போவேன் என்கிறார். ஓட மறுத்தவரின் படம் பம்பாய் மராத்தா மந்திர் தியேட்டரில் ஆயிரம் வாரத்துக்கு மேல் ஓடியது. 1997-ல் ஃபாசிலின் ‘காதலுக்கு மரியாதை’யில் விஜயும் ஷாலினியும் ஓடிப்போய் மீனவக் குப்பத்தில் ஒளிந்து, கல்யாணமும் செய்துகொள்ளாமல், பெற்றவர்கள் நினைப்பு வந்து அவரவர் வீட்டுக்குத் திரும்பிவிடுகிறார்கள். தியேட்டரில் காதலர்களும் அழுதார்கள், அவர்களுடைய பெற்றோர்களும் அழுதார்கள். ஒரே டிக்கெட்டில் இரண்டு கட்சிக்கும் கண்ணீர். நாரதர் அன்றைக்குச் சொன்ன யோசனைதான், புதுசாக ஒன்றுமில்லை.

இப்போது பெரியப்பா. 1993. ராத்திரி பதினோரு மணிக்கு எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். முகத்தில் விபூதி கலைந்திருந்தது.

“தம்பி, தூங்கிட்டியா?”

“இல்லண்ணே, வாங்க” என்றார் அப்பா.

“ஒரு வாடகைக் காரு புடிச்சுக் குடு. பழனிக்குப் போகணும்.”

“இந்நேரத்துல சாமி கும்புடவாண்ணே?”

“சாமி கும்புட இல்ல. சாமி பாத்த வேலைய இங்க ஒருத்தன் பாத்துட்டான்.”

முறுக்குத் தின்ற மகள், ரேடியோ ரிப்பேர்க் கடைப் பையனோடு போய்விட்டாள். பையன் வேறு ஆட்கள். எங்கள் ஊர்ப் பக்கம் ‘வேற ஆளுக’ என்றால் அதற்குமேல் விளக்கம் கேட்கமாட்டார்கள். தெருவில் பெரியப்பாவின் மைத்துனர்கள் இரண்டு பேர் நின்றார்கள். ஒருவர் கையில் கோணிச்சாக்கில் நீளமாக எதையோ சுற்றி வைத்திருந்தார்.

திண்ணையில் படுத்திருந்த அப்பத்தா எழுந்து உட்கார்ந்தாள்.

“ஏப்பா, கொட்டகைல துண்டச் சொழட்டுனது நீதான?”

“அது படம், ஆத்தா.”

“படத்துல போனவளும் எவனோ ஒருத்தன் பெத்த பொண்ணுதானப்பா.”

பெரியப்பா பேசவில்லை. அப்பத்தா சாக்கைப் பார்த்தாள். “போறதுன்னாப் போ. அத இங்கன எறக்கி வச்சுட்டுப் போ.”

சாக்கு எங்கள் திண்ணையில் இறங்கியது. மைத்துனர்களுக்குப் பதிலாக என் அப்பா காரில் ஏறினார். மீதி அப்பா சொன்னது. விடிகிற நேரம் பழனி அடிவாரத்தில் ஓர் இட்லிக் கடை பெஞ்சில் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்களாம். பையன் கை கழுவாமல் எழுந்து நின்றானாம். பெண் எழுந்திருக்கவில்லை. நிமிர்ந்து பார்த்து, “சாப்ட்டீங்களாப்பா?” என்று மட்டும் கேட்டாளாம். பெரியப்பா முந்தின நாள் மத்தியானத்திலிருந்து சாப்பிடவில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு எதிர் பெஞ்சில் உட்கார்ந்தார். நாலு இட்லி. மறுபடி இரண்டு. பிறகு கடைக்காரரிடம், “சட்னிய இப்பிடித் தண்ணியாவா ஊத்துறது?” என்று சண்டை பிடித்தார். அப்போதுதான் தனக்கு மூச்சே வந்தது என்பார் அப்பா.

எல்லாக் காரிலிருந்தும் சாக்கு இறங்குவதில்லை. ஆணவக்கொலை என்று பேப்பரில் வருகிற ஒவ்வொரு செய்தியிலும், கிளம்பிய ஒரு கார் இருக்கிறது. தியேட்டரில் என்றைக்கோ கண்ணைத் துடைத்துக்கொண்ட ஒரு மனிதரும் அதில் இருக்கக்கூடும். திரையில் போகிறவர்களை வாழ்த்த ரெண்டரை மணி நேரமும் ஒரு டிக்கெட்டும் போதும். சொந்த வீட்டிலிருந்து போகிறவர்களையும் அப்படிப் பார்க்கப் பழகுவதற்குத்தான் சங்கப் புலவன் ‘உடன்போக்கு’ என்று மரியாதையாக ஒரு சொல்லைச் செய்து வைத்துவிட்டுப் போனான். புழக்கத்தில் விட்டால் தேய்ந்துவிடாது. நீங்களும் சொல்லிப் பாருங்கள்.

போன வருஷம் பெரியப்பாவின் பேத்திக்குக் கல்யாணம். ரேடியோக்காரர் மகள். பையனை அவளே பார்த்து, வீட்டு வாட்ஸ்அப் குழுவில் போட்டோவைப் போட்டு, “இவர்தான்” என்று இரண்டு வார்த்தை எழுதினாள். யாரும் எங்கேயும் ஓடவில்லை. எண்பது தாண்டிய பெரியப்பா முன் வரிசையில் துண்டோடு உட்கார்ந்திருந்தார். மண்டபம், எங்கள் ஊரின் பழைய தியேட்டர்தான். திரை இருந்த இடத்தில் மணமேடை கட்டியிருக்கிறார்கள்.